'சுபம்' போட்ட பிறகு...

காதல் இல்லாத சினிமா உண்டா? உண்டு. ஆனால் தேடித்தான் பார்க்க வேண்டும்.

தமிழ் சினிமா பேசத் தொடங்கியது 1931-ம் ஆண்டில். அன்று முதல் திரையில் அதிகம் பேசப்பட்ட விஷயம் காதல்தான். ராஜகுமாரன் காதலித்தான். ராஜகுமாரி காதலித்தாள். பிறகு டாக்டர், வக்கீல், கல்லூரி மாணவன், மெக்கானிக் என்று எல்லோரும் காதலித்தார்கள்.

இரண்டரை மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிடும். பார்ப்பார்கள். சிரிப்பார்கள். பாடுவார்கள். பெண்ணின் அப்பா குறுக்கே நிற்பார். வில்லன் வருவான். அடிதடி நடக்கும். கடைசியில் மாலை மாற்றிக்கொள்வார்கள். பழைய படங்களில் "சுபம்" என்று திரையில் எழுத்து விழும். கொட்டகையில் விளக்கு எரியும். ஜனங்கள் எழுந்து வீட்டுக்குப் போவார்கள்.

படம் அங்கே முடிகிறது. வாழ்க்கையோ அங்கேதான் தொடங்குகிறது.

வீட்டு வாடகையை யார் கொடுப்பது? பாதியில் நின்ற படிப்பு என்ன ஆவது? "எனக்கு உன்னைப் பிடிக்கவில்லை" என்று சொன்ன பெண், மறுநாள் அதே தெரு வழியாக எப்படிப் போவாள்? காதல் கைகூடாத வாலிபன் நாளைக் காலையில் எதற்காக எழுந்திருப்பான்?

இந்தக் கேள்விகளுக்குச் சில படங்கள் பதில் சொல்லியிருக்கின்றன. பல படங்கள் சொல்லாமல் நழுவியிருக்கின்றன. எந்தப் படம் என்ன சொன்னது என்பதைப் பார்த்தால், ஒவ்வொரு குடும்பத்துக்கும் அதில் ஒரு பாடம் இருக்கிறது.

தேவதாசும் மதுப்புட்டியும்

காதல் தோல்வி என்றதும் நினைவுக்கு வரும் பெயர் ஒன்றே ஒன்று: தேவதாஸ்!

வங்காள எழுத்தாளர் சரத் சந்திரர் எழுதிய கதை அது. 1917-ல் புத்தகமாக வந்தது. 1935-ல் வங்காளத்திலும் 1936-ல் இந்தியிலும் பேசும் படமாயிற்று. 1953-ல் நாகேஸ்வரராவும் சாவித்திரியும் நடித்துத் தெலுங்கிலும் தமிழிலும் வந்தது. 1955-ல் திலீப்குமார் நடித்தார். 2002-ல் ஷாருக்கான் நடித்தார். இப்படித் தலைமுறைக்குத் தலைமுறை தேவதாஸ் திரும்பத் திரும்பச் செத்துக்கொண்டே இருக்கிறான்.

கதை எல்லோருக்கும் தெரியும். ஜமீன் வீட்டுப் பிள்ளை தேவதாஸ். பக்கத்து வீட்டுப் பெண் பார்வதி. அந்தஸ்து போதாது என்று தேவதாசின் தகப்பனார் மறுக்கிறார். எதிர்த்து நிற்கத் தேவதாசுக்குத் தைரியம் இல்லை. பார்வதியை ஒரு கிழவருக்கு இரண்டாந்தாரமாகக் கட்டிவைக்கிறார்கள். தேவதாஸ் குடிக்கிறான். குடித்துக் குடித்து உடம்பு கெட்டு, பார்வதியின் வீட்டு வாசலில் போய் உயிரை விடுகிறான்.

படம் பார்த்தவர்கள் அழுதார்கள். தேவதாசுக்காக அழுதார்கள்.

பார்வதிக்காக அழுதவர்கள் எத்தனை பேர்?

யோசித்துப் பார்த்தால், தேவதாசைவிடப் பார்வதியின் பாடு பெரியது. மனத்தில் ஒருவனை வைத்துக்கொண்டு, வயதான கணவருக்கும், வளர்ந்த பிள்ளைகளுக்கும் அவள் குடும்பம் நடத்த வேண்டும். அவளுக்கு மதுப்புட்டி கிடையாது. ஊர் சுற்ற வழி கிடையாது. அவள் காலையில் எழுந்து விளக்கேற்றி, வந்தவருக்குச் சோறு போட்டாள்.

துன்பத்தைத் தாங்கிக்கொண்டு வாழ்ந்தவளை ஜனங்கள் மறந்தார்கள். தாங்க முடியாமல் குடித்துச் செத்தவனுக்குக் காதல் மன்னன் என்று பட்டம் கட்டினார்கள். இன்றைக்கும் தாடி வளர்த்துக்கொண்டு திரியும் வாலிபனைத் "தேவதாஸ்" என்றுதான் கூப்பிடுகிறார்கள். அப்படிக் கூப்பிடும்போது கேலி பாதி, மரியாதை பாதி!

சரத் சந்திரர் கதையில் தேவதாஸ் செய்த முதல் தவறு, பேச வேண்டிய நேரத்தில் பேசாமல் இருந்தது. மற்றவை எல்லாம் அதன் பின்னால் வந்தவை. அந்தப் பாடம் மதுப்புட்டிக்குப் பின்னால் மறைந்துபோயிற்று.

நூறு பாட்டு

தேவதாசுக்கு முந்தியே தமிழ்நாட்டுக்கு ஒரு காதல் கதை உண்டு. அதுதான் அம்பிகாபதி.

1937-ல் எம். கே. தியாகராஜ பாகவதர் நடித்து இந்தப் படம் வந்தது. டைரக்டர் எல்லிஸ் ஆர். டங்கன், அமெரிக்காக்காரர். 1957-ல் சிவாஜி கணேசனும் பானுமதியும் நடித்து இதே கதை மறுபடியும் வந்தது.

கம்பர் மகன் அம்பிகாபதி. சோழ ராஜகுமாரி அமராவதி. புலவர் மகனுக்கு ராஜா மகளா? ராஜாவுக்குக் கோபம். காதல் கலக்காமல் நூறு பாட்டுப் பாடினால் உயிர் தப்பலாம் என்று நிபந்தனை. காப்புப் பாட்டையும் சேர்த்து எண்ணிவிட்டாள் அமராவதி. நூறு ஆயிற்று என்று எண்ணி முன்னால் வந்தாள். அவளைப் பார்த்ததும் அவன் வாயில் காதல் வந்துவிட்டது. கணக்கு 99 தான்! தலை போயிற்று.

ஒரு எண்ணிக்கைப் பிசகினால் காதலர்கள் செத்தார்கள் என்று கதை சொல்கிறது. உண்மையில் அவர்களைக் கொன்றது எண்ணிக்கையா? பெற்ற மகளின் ஆசையைவிடத் தன் கௌரவம் பெரிது என்று நினைத்த தகப்பனின் பிடிவாதம் அல்லவா கொன்றது?

ராஜாக்கள் போய்விட்டார்கள். அந்தப் பிடிவாதம் போய்விட்டதா? அதைப் பின்னால் பார்க்கலாம்.

தியாகம் செய்த தங்கை

1959-ல் "கல்யாணப் பரிசு" வந்தது. டைரக்டர் ஸ்ரீதருக்கு அதுவே முதல் படம். ஜெமினி கணேசன், சரோஜாதேவி, விஜயகுமாரி நடித்தார்கள். பெரிய வெற்றி. தெலுங்கிலும் இந்தியிலும் அந்தக் கதையை மறுபடி எடுத்தார்கள்.

தங்கை ஒருவனைக் காதலிக்கிறாள். அதே ஆளை அக்காளும் விரும்புகிறாள். தங்கை தன் காதலை விட்டுக்கொடுத்து, அவனை அக்காளுக்குக் கட்டிவைக்கிறாள். எல்லோரும் "என்ன தியாகம்!" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

ஆனால் ஸ்ரீதர் அதோடு நிறுத்தவில்லை. தியாகத்துக்குப் பிறகு அந்த வீட்டில் என்ன நடந்தது என்றும் காட்டினார். கணவன் சந்தோஷமாக இல்லை. அக்காளும் சந்தோஷமாக இல்லை. தங்கை வீட்டைவிட்டே போக வேண்டியதாயிற்று. கடைசியில் அக்காள் இறந்து, ஒரு குழந்தை தாயில்லாமல் நிற்கிறது. அந்தக் குழந்தைதான் கல்யாணப் பரிசு!

மூன்று பேருக்கும் சம்பந்தப்பட்ட விஷயத்தை ஒருத்தி மட்டும் மனத்துக்குள் முடிவு செய்தாள். அக்காளிடம் ஒரு வார்த்தை முன்னாடியே சொல்லியிருந்தால்? அவள் ஒரு நாள் அழுதிருப்பாள். ஒரு வாரம் அழுதிருப்பாள். ஆனால் மூன்று பேர் வாழ்க்கை பாழாகியிருக்காது.

1962-ல் அதே ஸ்ரீதர் "நெஞ்சில் ஓர் ஆலயம்" எடுத்தார். ஏறக்குறைய முழுக் கதையும் ஒரு ஆஸ்பத்திரிக்குள் நடக்கிறது. டாக்டர் ஒருவர். முன்பு அவர் காதலித்த பெண், இப்போது தன் கணவனை ஆபரேஷனுக்காக அங்கேயே அழைத்து வருகிறாள். டாக்டர் என்ன செய்தார்? பழையதைச் சொல்லி அவளைக் கலங்க வைக்கவில்லை. இரவும் பகலும் பாடுபட்டு அவள் கணவனைக் காப்பாற்றினார்.

ஆனால் காப்பாற்றிய டாக்டரையும் கதை சாகடித்துவிட்டது. காதலில் தோற்றவன் உயிரோடு இருந்து, தன் வேலையைச் செய்து, நரை விழுந்து, ஒருநாள் சிரிக்கவும் செய்வான் என்று காட்ட அன்றைய சினிமாவுக்கு மனம் வரவில்லை. வாழ்க்கையில் அப்படிப்பட்டவர்கள் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள்.

துரத்துவது காதலா?

வருஷங்கள் ஓடின. கதாநாயகன் மாறினான். அழுதுகொண்டிருந்தவன் துரத்தத் தொடங்கினான்.

பஸ் நிறுத்தத்தில் நிற்பான். பெண் ஏறிய பஸ்ஸில் தானும் ஏறுவான். நாலு நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு அவளைச் சுற்றி ஆடிப் பாடுவான். அவள் முகத்தைச் சுளிப்பாள். திட்டுவாள். அறைந்தும் விடுவாள். இவன் விடமாட்டான். பத்தாவது ரீலில் அவள் சிரித்துவிடுவாள்!

பொய்யும் உண்டு. 2001-ல் வந்த "மின்னலே" படத்தில், கதாநாயகன் வேறொருவனின் பெயரைச் சொல்லிக்கொண்டு அந்தப் பெண்ணிடம் பழகுகிறான். உண்மை தெரிந்து அவள் கோபப்படுகிறாள். முடிவில் அவனிடமே வந்து சேருகிறாள்.

1991-ல் "குணா" வந்தது. மனநிலை சரியில்லாத ஒருவன், ஒரு பெண்ணைத் தன் தெய்வம் என்று நம்பித் தூக்கிக்கொண்டு போய்க் குகையில் வைக்கிறான். அவன் நோயாளி என்பதைப் படம் மறைக்கவில்லை. ஆனாலும், தூக்கிப் போனவன்மேல் அந்தப் பெண்ணுக்குக் காதல் வருகிறது என்றுதான் கதை போகிறது. கொடைக்கானலில் அந்தக் குகைக்கே "குணா குகை" என்று பெயர் நிலைத்துவிட்டது.

திரும்பத் திரும்ப இப்படியே பார்த்தால் பதினாறு வயதுப் பையன் என்ன கற்றுக்கொள்வான்? "பெண் முதலில் வேண்டாம் என்றுதான் சொல்வாள். விடாமல் போனால் சரி என்பாள்." இதைத்தான் கற்றுக்கொள்வான்.

அதே படத்தைப் பார்த்த பெண் என்ன கற்றுக்கொள்வாள்? தன்னை ஒருவன் தொந்தரவு செய்தால் அதற்குக் காதல் என்று பெயர், அதை வெளியே சொன்னால் தன்மேல்தான் பழி வரும் என்று கற்றுக்கொள்வாள்.

திரையில் கதாநாயகிக்கு வசனம் எழுதுவது ஒரு ஆசிரியர். அவர் நினைத்தால் அவள் சிரிப்பாள். தெருவில் நடந்து போகும் பெண்ணுக்கு யாரும் வசனம் எழுதவில்லை. அவள் "வேண்டாம்" என்றால் வேண்டாம் என்றுதான் அர்த்தம்.

இது விளையாட்டு விஷயம் அல்ல. 1998-ல் சென்னையில் ஒரு கல்லூரி மாணவி, தெருவில் சில வாலிபர்கள் செய்த தொந்தரவினால் உயிரையே இழந்தார். அந்த ஆண்டே தமிழ்நாட்டில் இதற்கென்று தனிச் சட்டம் வந்தது. 2013-ல், பெண்ணை விடாமல் பின்தொடர்வது குற்றம் என்று நாடு முழுவதற்கும் சட்டம் செய்தார்கள். முதல் தடவை குற்றம் செய்தவருக்கே 3 ஆண்டு வரை சிறை என்று அந்தச் சட்டம் சொன்னது. 2024 ஜூலை 1-ந் தேதி அமலுக்கு வந்த புதிய குற்றச் சட்டத்திலும் 78-வது பிரிவாக அது இருக்கிறது. போனிலும் இன்டர்நெட்டிலும் வேவு பார்ப்பதும் அதில் அடங்கும்.

சினிமாவில் டூயட் பாடும் இடத்தில், சட்டப் புத்தகத்தில் சிறைத் தண்டனை இருக்கிறது!

பழந்தமிழர் வைத்த பெயர்

"காலம் கெட்டுவிட்டது, இதெல்லாம் புதுச் சட்டம்" என்று சிலர் சொல்லக்கூடும். புதிது அல்ல. மிகப் பழையது!

தொல்காப்பியம் காதலை ஏழாகப் பிரித்தது. நடுவில் உள்ள ஐந்தும் அன்பினால் ஆனவை. இருவர் மனமும் ஒத்தது. அதற்கு முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று.

முன்னால் உள்ளது கைக்கிளை. ஒருவர் மட்டும் ஆசைப்படுவது. பின்னால் உள்ளது பெருந்திணை. அதாவது பொருந்தாத காதல்.

அந்தக் காலத்தில் மடல் ஏறுதல் என்று ஒரு வழக்கம் பாடல்களில் வருகிறது. பெண் கிடைக்காதவன் பனை மட்டையால் குதிரை செய்து, அதன்மேல் ஏறித் தெருவோடு வருவான். ஊரார் பார்க்க அந்தப் பெண்ணின் பெயரைச் சொல்லி வெட்கக்கேடு செய்வான். இன்றைய சினிமாக் கதாநாயகன் செய்வது ஏறக்குறைய அதுவேதான்! பனங்குதிரைக்குப் பதில் மோட்டார் சைக்கிள். அவ்வளவுதான் வித்தியாசம்.

மடல் ஏறுவேன் என்று வாயால் சொல்வதைப் பழந்தமிழர் பொறுத்துக்கொண்டார்கள். உண்மையில் ஏறிவிட்டாலோ, அதைப் பெருந்திணையில் தள்ளிவிட்டார்கள். காதலைப் போற்றியவர்கள்தான் அவர்கள். எது காதல், எது காதல் இல்லை என்று கோடு போடவும் தெரிந்தவர்கள்.

ஓடிப்போன பிறகு

1981-ல் "அலைகள் ஓய்வதில்லை" வந்தது. டைரக்டர் பாரதிராஜா. கார்த்திக், ராதா இருவருக்கும் முதல் படம். இந்துப் பையன், கிறிஸ்தவப் பெண். கடைசியில் அவன் பூணூலையும் அவள் சிலுவையையும் எடுத்து எறிந்துவிட்டு இருவரும் போய்விடுகிறார்கள். கொட்டகையில் கைதட்டல் வானைப் பிளந்தது.

மதம் குறுக்கே வரக்கூடாது என்று படம் சொன்னது. நல்லது. ஆனால் அவர்கள் எங்கே போனார்கள்? அன்று ராத்திரி எங்கே தங்கினார்கள்? படம் சொல்லவில்லை.

அதற்குப் பதில் 23 ஆண்டுகள் கழித்து வந்தது. 2004-ல் பாலாஜி சக்திவேல் எடுத்த "காதல்".

மதுரையில் ஒரு மெக்கானிக் பையன். வசதியான வீட்டுப் பள்ளி மாணவி. இருவரும் சென்னைக்கு ஓடுகிறார்கள். இங்கேதான் படம் மற்றப் படங்களிலிருந்து மாறுபடுகிறது. தங்க இடம் தேடுகிறார்கள். அறை கிடைப்பது எவ்வளவு கஷ்டம் என்று காட்டுகிறது. கையில் காசு இல்லாமல் இரண்டு பிள்ளைகள் பெரிய ஊரில் எப்படித் தவிப்பார்கள் என்று காட்டுகிறது. பெண் வீட்டார் நல்ல வார்த்தை சொல்லி அழைத்துப்போகிறார்கள். போன இடத்தில் பையனை அடித்து நொறுக்குகிறார்கள். பெண்ணை வேறொருவருக்குக் கட்டிவைக்கிறார்கள். வருஷங்கள் கழித்து, தெருவில் பைத்தியமாகத் திரியும் அவனை அவள் பார்க்கிறாள். அவளோடு வந்த கணவன், அவனை அருவருக்கவில்லை. அவனுக்கு வைத்தியம் கிடைக்க வழி செய்கிறான்.

படம் பார்த்த பெற்றோருக்கும் நெஞ்சு உறுத்தியது. பிள்ளைகளுக்கும் உறுத்தியது. இரு தரப்பையும் யோசிக்க வைத்ததே அந்தப் படத்தின் பெருமை.

ஒரு விஷயத்தை வீட்டில் எல்லோரும் தெரிந்துகொள்வது நல்லது. பெண்ணுக்கு 18 வயதும், ஆணுக்கு 21 வயதும் ஆகவேண்டும் என்பது கல்யாணச் சட்டம். 18 வயது ஆகாத பெண் தானே விரும்பி வந்தாலும், அந்த விருப்பம் சட்டத்தின் முன் செல்லாது. 2012-ல் வந்த போக்சோ சட்டப்படி அழைத்துப்போன பையன் ஜெயிலுக்குப் போக நேரிடும். "நாங்கள் காதலர்கள்" என்று கோர்ட்டில் சொல்வது தற்காப்பு ஆகாது. சினிமாவில் ரயில் ஏறும் காதலர்கள் யாருக்கும் இந்தச் சட்டம் ஞாபகம் வருவதில்லை.

வயது வந்தவர்களுக்கோ சட்டம் துணை நிற்கிறது. சாதி, மதம் பார்க்காமல் பதிவுத் திருமணம் செய்துகொள்ள 1954-ம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. முன்கூட்டி 30 நாள் நோட்டீசு கொடுக்க வேண்டும்.

தகப்பனின் கௌரவம்

அம்பிகாபதியின் தலையை வாங்கிய பிடிவாதம் இப்போது வேறு பெயரில் உலவுகிறது. அதற்குக் "கௌரவம்" என்று பெயர். கௌரவத்துக்காகப் பெற்ற மகளையே கொன்றவர்களைப் பற்றிப் பத்திரிகையில் படிக்கிறோம். மகள் விரும்பிய பையனை வெட்டியவர்களைப் பற்றியும் படிக்கிறோம்.

2018-ல் மாரி செல்வராஜ் எடுத்த "பரியேறும் பெருமாள்" இதைத்தான் சொன்னது. திருநெல்வேலிச் சட்டக் கல்லூரியில் படிக்க வரும் ஏழைப் பையன். ஒடுக்கப்பட்ட சாதி. கூடப் படிக்கும் பெண் அவனிடம் பிரியமாக இருக்கிறாள். அது காதல்தானா என்று அவன் முடிவு செய்யும் முன்பே, அவள் வீட்டார் அவனை அடிக்கிறார்கள், அவமானப்படுத்துகிறார்கள், கொல்லவும் ஆள் அனுப்புகிறார்கள்.

முடிவில் பழிவாங்கல் இல்லை. பையனும் பெண்ணின் தகப்பனாரும் பேசுகிறார்கள். பிறகு இரண்டு டீ கிளாஸ் தெரிகிறது. ஒன்று பால் டீ, மற்றது கறுப்பு டீ. நடுவில் ஒரு மல்லிகைப்பூ. அவ்வளவுதான். நூறு பக்க வசனம் சொல்ல முடியாததை அந்த இரண்டு கிளாஸ் சொல்லிவிட்டது.

சுப்ரீம் கோர்ட்டும் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. வயது வந்த ஆணும் பெண்ணும் தாங்கள் விரும்பியவரை மணக்கலாம். பெற்றோருக்குப் பிடிக்காவிட்டால் உறவை வெட்டிக்கொள்ளலாம். ஆனால் மிரட்டவோ அடிக்கவோ கூடாது என்று 2006-ல் தீர்ப்புச் சொன்னது. இப்படி மணந்தவர்களுக்குப் போலீஸ் பாதுகாப்பும், தங்க இடமும் தரவேண்டும் என்று 2018-ல் மாநிலங்களுக்கு உத்தரவிட்டது.

சாவு முடிவு அல்ல

இனி, மிகக் கவனமாகப் பேச வேண்டிய ஒரு விஷயம். காதல் கைகூடவில்லை என்றால் சாவு என்று பல படங்கள் முடிகின்றன.

1981-ல் கே. பாலசந்தர் இந்தியில் "ஏக் துஜே கே லியே" எடுத்தார். கமலஹாசன் கதாநாயகன். தமிழ்ப் பையனும் வடநாட்டுப் பெண்ணும் முடிவில் செத்துப்போகிறார்கள். படம் பிரமாதமாக ஓடியது. அந்த முடிவைப் பார்த்துவிட்டுச் சில இளம் ஜோடிகள் அதே வழியைத் தேடினார்கள் என்று அப்போது செய்திகள் வந்தன.

இது சினிமாவோடு பிறந்த வியாதி அல்ல. 1774-ல் ஜெர்மன் கவிஞர் கதே ஒரு நாவல் எழுதினார். காதலில் தோற்று உயிரை விட்ட வாலிபனின் கதை. அதைப் படித்து வாலிபர்கள் கெட்டுப்போகிறார்கள் என்று லைப்சிக் நகரில் புத்தகத்துக்கே தடை போட்டார்கள். தற்கொலைச் செய்திகளைப் பத்திரிகைகள் பெரிதாகப் போட்டால் தற்கொலைகள் கூடுகின்றன என்று 1974-ல் ஓர் அமெரிக்க நிபுணர் கணக்குப் போட்டுக் காட்டினார்.

ஆனால் நல்ல செய்தியும் உண்டு. 2010-ல் ஆஸ்திரிய நாட்டு ஆராய்ச்சியாளர்கள் இதன் மறுபக்கத்தைப் பார்த்தார்கள். துன்பம் வந்தும் தவறான முடிவுக்குப் போகாமல் மீண்டு வந்தவர்களைப் பற்றிச் செய்தி வந்தால், தற்கொலைகள் குறைவதோடு அதற்குத் தொடர்பு இருப்பதைக் கண்டார்கள்.

அப்படியானால் கதைக்கு இரண்டு பக்கமும் சக்தி இருக்கிறது. கெடுக்கவும் முடியும். காப்பாற்றவும் முடியும். காதல் தோற்ற பிறகும் எழுந்து நடந்தவனின் கதை இன்னும் அதிகமாகத் திரைக்கு வரவேண்டும்.

வீட்டில் யாராவது சாப்பிடாமல், தூங்காமல், யாரோடும் பேசாமல் இருந்தால் அலட்சியம் வேண்டாம். 14416 என்ற நம்பருக்குப் போன் செய்யலாம். மனநல ஆலோசனைக்காக அரசு நடத்தும் இலவச நம்பர் அது. தமிழில் பேசலாம்.

சினிமா மட்டுமா குற்றவாளி?

"சினிமாதான் நாட்டைக் கெடுக்கிறது. எல்லாப் படத்தையும் வெட்டித் தள்ளு!" என்று சிலர் கோபப்படுகிறார்கள்.

அது நியாயம் ஆகாது. சென்சார் இருக்கத்தான் இருக்கிறது. எந்த வயதுக்கு எந்தப் படம் என்று சர்ட்டிபிகேட்டும் கொடுக்கிறார்கள். 7, 13, 16 என்று வயதைப் பிரித்துச் சொல்லும் முறையும் இப்போது வந்திருக்கிறது. ஆனால் கையில் செல்போன் உள்ள பிள்ளை சர்ட்டிபிகேட்டைப் பார்த்துவிட்டா படம் பார்க்கிறது?

சினிமா செய்த நன்மையும் உண்டு. மகளுக்கு ஒரு மனம் இருக்கிறது, அந்த மனத்துக்கு விருப்பம் இருக்கிறது என்று படிக்காத தகப்பனுக்கும் எடுத்துச் சொன்னது சினிமாதான். சாதியும் பணமும் இரண்டு பேரைப் பிரிப்பது தவறு என்று ஊர் ஊராகப் போய்ச் சொன்னதும் அதுதான்.

குறை எங்கே இருக்கிறது? காதலின் பாதிக் கதையைத்தான் சினிமா பெரும்பாலும் சொல்கிறது. மீதிப் பாதியைச் சொல்ல வேண்டியது வீடு. வீடு வாயைத் திறப்பதில்லை!

டி.வி.யில் காதல் காட்சி வந்தால் அப்பா சேனலை மாற்றுகிறார். அம்மா சமையலறைக்குப் போய்விடுகிறாள். பிள்ளைகள் தரையைப் பார்க்கிறார்கள். இரண்டு நிமிடம் கழித்து எல்லோரும் ஒன்றும் நடக்காததுபோல் உட்காருகிறார்கள். அந்த இரண்டு நிமிட மௌனத்தில்தான் பிள்ளை ஒன்றைக் கற்றுக்கொள்கிறது: "இதைப் பற்றி இந்த வீட்டில் பேசக்கூடாது."

பிறகு தொந்தரவு வந்தாலும் பேசாது. மனம் உடைந்தாலும் பேசாது. ஒருநாள் கடிதம் எழுதி வைத்துவிட்டுப் போன பிறகுதான் பெற்றோருக்குத் தெரியும். "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!" என்று கதறுவார்கள். சொல்ல எங்கே இடம் கொடுத்தார்கள்?

சொல்ல ஒரு ஆள்

இதற்கும் பழந்தமிழர் ஒரு வழி வைத்திருந்தார்கள். அறத்தொடு நிற்றல் என்று அதற்குப் பெயர்.

தலைவி தன் காதலைத் தோழியிடம் சொல்வாள். தோழி செவிலித்தாயிடம் சொல்வாள். செவிலி பெற்ற தாயிடம் சொல்வாள். தாய் தகப்பனுக்கும் அண்ணன்மாருக்கும் சொல்வாள். படிப்படியாக, பக்குவமாக, விஷயம் வீட்டுக்குத் தெரியவரும். காதலைச் சொல்வதற்கு அவர்கள் வைத்த பெயரிலேயே "அறம்" இருக்கிறது. மறைப்பதை அவர்கள் அறம் என்று சொல்லவில்லை.

இன்றைய வீட்டில் செவிலித்தாய் இல்லை. ஆனால் அக்காள் இருக்கிறாள். அத்தை இருக்கிறாள். சித்தப்பா இருக்கிறார். பாட்டி இருக்கிறாள். அவர்களில் ஒருவராவது, பிள்ளை சொல்வதைக் கேட்டு உடனே கூச்சல் போடாதவராக இருக்க வேண்டும். "முதலில் சாப்பிடு. பிறகு சொல்" என்று சொல்லத் தெரிந்தவராக இருக்க வேண்டும்.

படம் பார்த்து வந்த பிறகு பத்து நிமிடம் பேசினால் போதும். பெரிய உபதேசம் வேண்டாம். சாதாரணமாகக் கேட்கலாம்.

"அந்தப் பெண் வேண்டாம் என்று சொன்னாளே, அவன் ஏன் போகவில்லை?" என்று மகனிடம் கேட்கலாம்.

"உன்னை யாராவது அப்படித் தொந்தரவு செய்தால் என்னிடம் சொல்வாயா?" என்று மகளிடம் கேட்கலாம். சொன்னால் படிப்பை நிறுத்த மாட்டோம் என்று வாக்கும் கொடுக்க வேண்டும். பல பெண்கள் சொல்லாமல் இருப்பது அந்தப் பயத்தினால்தான்.

"அந்தத் தகப்பன் செய்தது சரியா?" என்று தகப்பன்மார் தங்களையே கேட்டுக்கொள்ளலாம்.

இளைஞர்களும் ஒன்றை மனத்தில் வைக்க வேண்டும். ஒரு பெண் மறுத்துவிட்டால் அதில் அவமானம் எதுவும் இல்லை. அவளுக்குப் பிடிக்கவில்லை, அவ்வளவுதான். விலகிப் போகிறவன் கோழை அல்ல. அழுகை வந்தால் அழலாம். நண்பனிடம் சொல்லலாம். மறுநாள் வேலைக்குப் போகலாம். அதற்குத்தான் தைரியம் வேண்டும்.

சினிமாவில் "சுபம்" என்று எழுத ஒரு நிமிடம் போதும். வீட்டில் அந்த எழுத்தைத் தினந்தோறும் எழுத வேண்டியிருக்கிறது. எழுத வேண்டியவர்கள் பெற்றோரும் பிள்ளைகளும். முதல் எழுத்து, ஒருவர் பேச மற்றவர் காது கொடுத்துக் கேட்பதுதான்.